சூடான பாதி

எட்டு வயதிலிருந்து பத்தொன்பது வயது வரைக்கும், என் சித்தப்பாவைக் கொன்றது நான்தான் என்று நம்பிக்கொண்டிருந்தேன். அவர் இறந்தது கடலுக்கு அந்தப் பக்கம், பிரான்சில், மூடுபனி இறங்கிய ஒரு நெடுஞ்சாலையில். நானோ லண்டனில், நோர்பரியில் இருந்த எங்கள் வீட்டுக் குசினியில், அடுப்பை எட்டிப் பார்ப்பதற்காக ஒரு முக்காலியில் ஏறி நின்றேன். ஆனாலும் எனக்கு அதில் சந்தேகமே இருக்கவில்லை. நான் ஒரு வசனம் சொன்னேன், அவர் இறந்துபோனார். சாட்சிக்கு என் கன்னத்தில் அம்மாவின் ஐந்து விரல்களும் இருந்தன.

சித்தி அம்மாவின் ஒரே தங்கை. அவரும் சித்தப்பாவும் ஹொலண்டில் பத்து வருடத்துக்கு மேல் இருந்தார்கள். அந்த நாட்டுக் குடியுரிமை கிடைத்ததும் அங்கிருந்த நம்மவர்கள் பாதிப்பேர் லண்டனுக்குப் பெட்டி கட்டிய காலம் அது. கேட்டால் பிள்ளைகளின் ஆங்கிலம், கோயில், மரக்கறிக் கடை என்று ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். சித்திக்குப் பிள்ளைகள் இல்லை. கோயிலுக்கும் பெரிதாகப் போகமாட்டார். அவருடைய காரணம் அக்கா. அக்கா வீட்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில் ஒரு வீடு வேண்டும், அவ்வளவுதான். அதைத் தேடுவதற்காக நத்தார்ப் பண்டிகைக்கு இரண்டு கிழமை முன்னதாகவே ஒரு சூட்கேசுடன் வந்து இறங்கினார். வீடும் கிடைத்தது, இரண்டு தெரு தள்ளி, ஒரு சலவைக் கடைக்கு மேலே. ஜனவரி முதல் கிழமை சாவி தருவதாகச் சொன்னார்கள். சித்தப்பா அங்கே ஒரு பூப்பண்ணையில் பூக்களைக் கட்டிப் பெட்டியில் அடுக்கும் வேலை செய்தார். வருடக் கடைசி வரைக்கும் வேலையில் நின்றுவிட்டு, வீட்டுச் சாமான்களைக் காரில் ஏற்றிக்கொண்டு முப்பத்தோராம் திகதி வருவதாக ஏற்பாடு.

சித்தப்பாவின் கார் என்றால் எனக்கு உயிர். ஹொலண்ட் காருக்கு ஸ்டியரிங் இடது பக்கம். வலது பக்கத்தில், லண்டனில் சாரதி இருக்கவேண்டிய இடத்தில், நான் இருப்பேன். கோடை விடுமுறைக்கு வரும்போதெல்லாம் அவர் என்னை ஏற்றிக்கொண்டு கடைத்தெருப் பக்கம் ஒரு சுற்றுப் போவார். சிவப்பு விளக்கில் நிற்கும்போது, “இப்ப ரண்டு கையையும் தூக்கிக் கொட்டாவி விடு” என்பார். நானும் கைகளை உயர்த்தி, கண்ணை மூடி, சீட்டில் சரிவேன். பஸ் தரிப்பில் நிற்கிற சனம் கார் ஓட்டுகிற பிள்ளை தூங்கி விழுவதைப் பார்த்து வாயைப் பிளக்கும். சித்தப்பா சிரிக்கவே மாட்டார். யாரோ ஒரு பயணி மாதிரி, கையைக் கீழே மறைத்துக்கொண்டு முன்னால் பார்த்தபடி இருப்பார். வீட்டுக்கு வந்ததும் அப்பாவிடம், “அண்ணை, உங்கடை மகள் நல்லா ஓடுறாள், ஆனா நித்திரைதான் கூட” என்பார்.

அந்த டிசம்பரில் சித்தி ஒரு சொல்லைக் கொண்டுவந்தார். ஒலிபொல்லன். ஹொலண்டில் வருடத்தின் கடைசி நாளில் வீட்டுக்கு வீடு சுடுகிற பலகாரம். ஈஸ்ட் போட்டுப் பொங்கவைத்த மாவில் அப்பிள் துண்டும் திராட்சைப் பிளம்ஸும் கலந்து, கரண்டியால் எண்ணெயில் விட்டு எடுத்து, மேலே வெள்ளைச் சீனிமாவு தூவுவார்கள். சித்திக்கு அதைக் கற்றுக்கொடுத்தது அவர்களுடைய கீழ்வீட்டு வெள்ளைக்காரப் பெண். சித்தி தன் பங்குக்கு அதில் ஏலக்காய் சேர்த்துவிட்டார். அதை அந்தப் பெண்ணிடம் சொல்லவில்லை.

அப்பாவுக்கு இந்தப் பெயர் கிடைத்தது பெரிய கொண்டாட்டம். “மச்சாள், ஒலி எண்டால் சத்தம். பொல்லன் எண்டால் பொல்லுத் தடியோடை வாறவன். சத்தம் போட்டுக்கொண்டு பொல்லோடை வாறவனை ஏன் வீட்டுக்குள்ளை எடுக்கிறியள்?”

“எண்ணெய் உருண்டை அத்தான். ஒலி எண்டால் அங்கை எண்ணெய்.”

“அப்ப எண்ணெய் உருண்டை எண்டே சொல்லலாமே.”

“சொன்னா நீங்கள் தின்னமாட்டியள்.”

சித்தப்பா தொலைபேசியில் இதைக் கேட்டுவிட்டு இன்னும் ஒருபடி மேலே போனார். ஒல்லாந்தர் நம் ஊரை ஆண்டுவிட்டுப் போகும்போது நமக்குக் கொடுத்த சொல் கக்கூஸ் ஒன்றுதானாம். தாங்கள் பத்து வருடத்தில் திருப்பி வாங்கிக்கொண்டு வருவது ஒலிபொல்லனாம். ஆதாயம் எந்தப் பக்கம் என்று அண்ணையே சொல்லட்டும் என்றாராம். கடைசியில் சித்தியிடம் ஒன்றே ஒன்று கேட்டிருக்கிறார். தான் வந்து இறங்கும்போது அது சூடாக இருக்கவேண்டும்.

எனக்கு அந்தப் பலகாரத்தில் இருந்த ஆசைக்கு வேறொரு காரணமும் உண்டு. எங்கள் வீட்டில் அதற்கு முந்திய ஒரு மாதமாக எண்ணெய் கொதிக்கவே இல்லை. நவம்பரில் ஊரில் அப்பாவின் பெரியப்பா ஒருவர் இறந்துபோனார். நான் அவரைப் படத்தில்கூடப் பார்த்ததில்லை. ஆனால் முப்பத்தொரு நாளும் எங்களுக்குத் துடக்கு, சாவுத் தீட்டு. பொரிக்கிற தாச்சி அலுமாரிக்குள்ளே குப்புறக் கிடந்தது. வடை இல்லை, ரோல்ஸ் இல்லை, மிளகாய்ப் பொரியல் இல்லை. ஏன் என்று கேட்டேன்.

“செத்த வீட்டிலை தாச்சி வைக்கக்கூடாது பிள்ளை. ஆரும் செத்தா எண்ணெய் கொதிக்கக்கூடாது” என்றார் அம்மா.

“அவர் செத்தது ஊரிலைதானே? இது லண்டன்.”

“துடக்குக்கு விசா தேவையில்லை” என்றார் அப்பா.

நான் அப்பாவின் பிள்ளை. பேச்சில் ஒரு குத்து வைத்துப் பேசினால்தான் பேச்சு என்று நினைக்கிற பிள்ளை. அம்மா அப்படியில்லை. எதை எப்போது செய்யவேண்டும், எதை எப்போது செய்யக்கூடாது என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். வெள்ளிக்கிழமை நகம் வெட்டக்கூடாது. விளக்கு வைத்த பிறகு வீடு கூட்டக்கூடாது. எண்ணெயில் சுடுகிற முதலாவது எதுவானாலும் அது குளிர்சாதனப் பெட்டிக்கு மேலே இருக்கிற பிள்ளையாருக்கு. பிள்ளையார் ஆறவைத்துச் சாப்பிட்டு முடிக்கும் வரை நான் காத்திருக்கவேண்டும்.

முப்பத்தோராம் திகதி விடியவே சித்தப்பா தொலைபேசியில் பேசினார். புறப்பட்டுவிட்டேன், நாலு மணிக் கப்பல், ஏழு மணிக்குள் நோர்பரியில் நிற்பேன் என்றாராம். அப்பா பெற்றோல் நிலையத்து வேலைக்குப் போய்விட்டார். போவதற்கு முன் ஏணி வைத்து ஏறி, குசினிக்கு வெளியே இருந்த புகை அலாரத்துக்கு அம்மாவின் குளியல் தொப்பியை மாட்டிவிட்டுப் போனார். எண்ணெய் கொதிக்கும் நாட்களில் அது எங்கள் வீட்டு வழக்கம்.

சித்தி மத்தியானமே மாவைக் கரைத்து ஈரத் துணியால் மூடி, பொயிலர் இருக்கிற அலுமாரிக்குள், சூட்டில் வைத்தார். நான் பத்து நிமிடத்துக்கு ஒருதரம் போய்த் துணியைத் தூக்கிப் பார்த்தேன். மாவு குமிழி விட்டு மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது. வெளியே பொழுது முழுவதும் விடியவே இல்லை, கண்ணாடியெல்லாம் நீராவி. சித்தி நாலு அப்பிளைத் தோல் சீவிச் சின்னச் சின்னதாக வெட்டினார். வெட்டிக்கொண்டே சலவைக் கடைக்கு மேலே இருக்கிற அந்த வீட்டைப் பற்றிப் பேசினார். கட்டிலை எந்தச் சுவரோடு போடுவது, தையல் மெசினை எந்த யன்னலுக்குக் கீழே வைப்பது என்பதெல்லாம் ஏற்கெனவே முடிவாகிவிட்டது. சித்தி அப்படிச் சிரித்துக்கொண்டு ஓயாமல் பேசியதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. அம்மாவும் பார்த்ததில்லை போல, உள்ளி உரிப்பதை நிறுத்திவிட்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தாச்சி அடுப்பில் ஏறியது. எண்ணெய் காய்கிற நேரம் முன்னறையில் தொலைபேசி அடித்தது. சித்தியின் கையெல்லாம் மாவு, அதனால் அம்மா போனார்.

“ஓம்” என்று கேட்டது. பிறகு, “ஆர் கதைக்கிறது?” பிறகு நெடுநேரம் ஒன்றும் இல்லை. பிறகு இன்னொரு “ஓம்.”

“ஆரக்கா?” என்று சித்தி குரல் கொடுத்தார்.

அம்மா குசினி வாசலில் வந்து நின்றார். “டபிள் கிளேசிங்காரன்” என்றார்.

கண்ணாடி மாற்றச் சொல்லித் தொல்லை கொடுக்கிற டபிள் கிளேசிங்காரனுடன் அம்மா தமிழில் பேசியிருக்கிறார் என்பது எனக்கு ஆச்சரியமாக இருந்தது. இவ்வளவு நேரம் பேசியிருக்கிறார் என்பது அதைவிட ஆச்சரியம். கேட்கலாம் என்று வாயெடுப்பதற்குள் அம்மா நேரே அடுப்படிக்கு வந்து காஸை நிறுத்திவிட்டார்.

“என்னக்கா? இப்பதானே எண்ணெய் காயுது.”

“புகைக்குது” என்றார் அம்மா.

“எங்கை புகைக்குது? போய் இருங்கோ நீங்கள்.” சித்தி சிரித்துக்கொண்டே மறுபடி மூட்டினார். அம்மா இருக்கவில்லை. தங்கைக்குப் பக்கத்தில் ஒட்டிக்கொண்டு நின்றார்.

சித்தி இரண்டு கரண்டியால் மாவை அள்ளி உருட்டி எண்ணெயில் விட்டார். அது அடியில் போய், ஒரு கணம் யோசித்துவிட்டு மேலே மிதந்து வந்தது. “தொடாதை, தன்பாட்டிலை திரும்பும்” என்றார் என்னிடம். உண்மைதான். ஒரு பக்கம் வெந்து சிவந்ததும் அது தானாகவே புரண்டு மறுபக்கம் படுத்தது. நான் கைதட்டினேன்.

முதலாவது வெந்து வந்ததும் வழக்கம்போல நான் பிள்ளையாரைப் பார்த்தேன். சித்தி பிள்ளையாரைப் பார்க்கவில்லை. அதைக் கடதாசியில் வைத்து இரண்டாகப் பிய்த்தார். உள்ளேயிருந்து அப்பிள் மணமும் ஏலக்காய் மணமும் ஆவியாக வந்தன. இரண்டு பாதியையும் உள்ளங்கையில் வைத்து மாறி மாறி ஊதினார். பிறகு, “அக்கா, ஆ காட்டுங்கோ” என்றார்.

நான் பிள்ளையாரையும் அம்மாவையும் மாறி மாறிப் பார்த்தேன். சாமிக்கு வைக்கமுதல் அம்மா வாயில் வைப்பாரா? அம்மா வாயைத் திறந்தார். சித்தி ஒரு பாதியை அவர் வாயில் தீத்திவிட்டு மற்றப் பாதியை என் கையில் தந்தார். அம்மா மென்றார். மென்றுகொண்டே இருந்தார். கண்ணிலிருந்து தண்ணீர் ஓடியது.

“எப்பிடி அக்கா?”

“சூடு” என்றார் அம்மா.

“ஊதிச் சாப்பிட்டிருக்கலாமே அம்மா” என்று எட்டு வயதின் புத்தியோடு நான் சொன்னேன்.

“ஓம் பிள்ளை” என்றார்.

பிறகு அம்மா மாடிக்குப் போனார். அங்கேயிருந்து யாருடனோ மெதுவாகப் பேசுவது கேட்டது. “கெதியா வாங்கோ” என்றது மட்டும் எனக்கு விளங்கியது. அது அப்பாவுடன்தான். ஆனால் பெற்றோல் நிலையத்தில் மாற்று ஆள் வராமல் அப்பா வெளிக்கிட முடியாது. அம்மா திரும்பி வந்து மறுபடியும் தங்கைக்குப் பக்கத்தில் அதே இடத்தில் நின்றார்.

அதற்குப் பிறகு ஒரு மணித்தியாலம் எங்கள் வீட்டில் நல்ல சந்தோசம் என்றுதான் நான் நினைத்துக்கொண்டிருந்தேன். சித்தி சுடச்சுட நான் தின்றேன். அம்மா ஒன்றுக்கும் என்னை ஏசவில்லை. எத்தனை தின்றாய் என்று கேட்கவில்லை. சித்தியிடம் மட்டும் இருந்திருந்து ஏதாவது கேட்டுக்கொண்டிருந்தார். மத்தியானம் வயிறு நிறையச் சாப்பிட்டாயா? கால் உளையவில்லையா? தண்ணீர் தரட்டுமா? சித்தியின் நெற்றியில் மாவு பட்டிருந்தது. அம்மா தன் ஸ்வெட்டரின் கைநுனியால் அதைத் துடைத்துவிட்டார், குங்குமப் பொட்டில் படாமல், அதைச் சுற்றிச் சுற்றி. ஒரு பொட்டைச் சுற்றித் துடைக்க இவ்வளவு நேரமா என்று எனக்கு இருந்தது. சித்தியின் பேச்சு புது வீட்டு யன்னல் திரையின் நிறத்தில் வந்து நின்றது. பச்சையா, மஞ்சளா?

“உனக்கு விருப்பமானதைப் போடு” என்றார் அம்மா.

“அவருக்கு மஞ்சள் சரிவராது.”

“ஓம்” என்றார் அம்மா.

நான் பலகாரக் கும்பலில் கிளறி, ஆகப் பெரியதைத் தெரிந்தெடுத்து என் பள்ளிக்கூடச் சாப்பாட்டுப் பெட்டிக்குள் வைத்து மூடினேன். அது சித்தப்பாவுக்கு. கார் வந்து நின்றதும் நானே கொண்டுபோய்க் கொடுப்பதாகத் திட்டம்.

கடைசி மாவை வழித்து எண்ணெயில் விட்டபோது சித்தி, “இது முழுக்க அவற்றை பங்கு. ஒருத்தரும் தொடக்கூடாது” என்றார். ஐந்து உருண்டைகள் எண்ணெயில் மிதந்தன. அப்போது அம்மாவின் கை தன்பாட்டில் போனதுபோலப் போய், காஸை மறுபடி நிறுத்தியது.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. சித்தப்பாவின் பங்கு பாதி வேக்காட்டில் நிற்கிறது. அப்பாவின் பேச்சு வழக்கம் வேறு என் நாக்கில் இருந்தது.

“என்னம்மா நீங்கள்? ஆர் செத்ததெண்டு அடுப்பை நூக்கிறீங்கள்? சித்தப்பாவோ?”

அறை விழுந்தது. அம்மா அதற்கு முன் ஒருநாளும் என்னை அடித்ததில்லை. முக்காலி ஆடியது; நான் விழாமல் சித்தியின் கையைப் பிடித்துக்கொண்டேன். அழுவதற்கு வாயைத் திறந்தேன். ஆனால் அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் அழுகை வரவில்லை.

வழக்கமாக இந்த மாதிரி அபசகுனமாக ஏதாவது சொன்னால் அம்மா காளியாக மாறுவார். வாயைக் கழுவு, பிள்ளையாரிடம் மன்னிப்புக் கேள் என்று அரை மணி நேரம் நடக்கும். அன்றைக்கு ஒரு சொல்லும் வரவில்லை. அடித்த கையை மற்றக் கையால் பிடித்துக்கொண்டு நின்றார்.

“அக்கா, ஏன் அவளுக்கு அடிச்சனீங்கள்?” சித்தியின் குரலில் இன்னும் கொஞ்சம் சிரிப்பு மிச்சமிருந்தது.

அம்மா பார்வையைத் தாச்சிப் பக்கம் திருப்பினார்.

“அக்கா?”

எண்ணெயின் சத்தம் மெல்ல மெல்ல அடங்கிக்கொண்டு வந்தது. சித்தி அம்மாவைப் பார்த்தார். பிறகு முன்னறைப் பக்கம், தொலைபேசி இருந்த இடத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். என் கன்னம் எரிந்துகொண்டிருந்தது. சித்தி கண்ணகப்பையை எடுத்து எண்ணெயில் கிடந்த ஐந்தையும் ஒவ்வொன்றாக எடுத்துக் கடதாசியில் வைத்தார். அவை வெளிறிப்போய் இருந்தன.

“எப்ப?” என்று கேட்டார். எது எப்போது என்று எனக்கு விளங்கவில்லை.

“காலமை” என்றார் அம்மா.

“சீனி போடேல்லை” என்றார் சித்தி. சீனிமாவு டின்னை எடுத்து அரிதட்டில் கொட்டித் தட்ட ஆரம்பித்தார். உருண்டைகள் மூடுண்டன, தட்டு மூடுண்டது, மேசை மூடுண்டது. டின் முடியும் வரைக்கும் தட்டிக்கொண்டே இருந்தார். அம்மா தடுக்கவில்லை. இவ்வளவு சீனியை வீணாக்குகிறாரே, நான் செய்திருந்தால் விடுவார்களா என்று நினைத்ததும் எனக்கு ஞாபகம் இருக்கிறது. டின் முடிந்த பிறகுதான் சித்தி கத்தினார். அந்தச் சத்தத்தை நான் எழுதப்போவதில்லை.

அப்பா வேலைச் சட்டையோடு ஓடிவந்தார். பொழுது படுவதற்குள் வீடு முழுக்கச் சனம். ஒருவரும் என்னிடம் எதுவும் சொல்லவில்லை. பிள்ளைகளிடம் சொல்லக்கூடாது என்பது அம்மாவின் ‘கூடாது’ பட்டியலில் இன்னொன்று. பெரியவர்கள் மூவரும் இறுதிச் சடங்குக்கு ஹொலண்டுக்குப் போனார்கள். என்னைப் பக்கத்து வீட்டுக் குஜராத்தி அன்ரியிடம் விட்டார்கள். சாப்பாட்டுப் பெட்டியை நான் விடாமல் கொண்டுபோனேன். மூன்றாம் நாள் அன்ரி யாருக்கோ ஆங்கிலத்தில், பாவம், அந்தத் தங்கையின் கணவன் என்று சொல்வது கேட்டது. நான் திடுக்கிடவில்லை. எனக்குத்தான் எல்லாருக்கும் முதலே தெரியுமே. நான் சொல்லும்வரைக்கும் ஒருவரும் சாகவில்லை. நான் பெயர் சொல்லிச் சொன்னேன். சொன்னபடி நடந்துவிட்டது. பெட்டிக்குள் இருந்தது பூஞ்சணம் பிடித்து, அன்ரி எடுத்து எறிந்துவிட்டார். அதற்காக மட்டும் நான் அழுதேன்.

அதன் பிறகு என் நாக்கை நானே காவல் காத்தேன். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் ‘இறந்தகாலம்’ என்ற சொல்லைக்கூட வாயால் சொல்லமாட்டேன். ஆசிரியை வினையின் காலம் கேட்டால் தலையைக் குனிந்துகொண்டு நிற்பேன். அடக்கமான பிள்ளை, இலக்கணத்தில் மட்டும் கவனம் தேவை என்று அறிக்கையில் எழுதினார். வீட்டில் குத்துப் பேச்சை நிறுத்திவிட்டேன். அப்பாவும் அந்த வருடத்தோடு நிறுத்திவிட்டார். புகை அலாரத்தின் குளியல் தொப்பி மட்டும் சித்திரை மாதம் வரைக்கும் அப்படியே இருந்தது. கழற்ற ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை. அலாரத்தை அலறவைக்கிற மாதிரி எண்ணெயும் கொதிக்கவில்லை.

சலவைக் கடைக்கு மேலே இருந்த வீட்டுக்கு வேறு யாரோ வந்தார்கள். சித்தி சில வருடங்கள் எங்களோடு இருந்துவிட்டு மனோர் பார்க்கில் ஒரு சின்ன வீட்டுக்குப் போனார். முருகன் கோயிலுக்குப் பக்கத்தில். அந்நாளில் கோயிலுக்குப் பெரிதாகப் போகாதவர், இப்போது வெள்ளி தவறாமல் போகிறார். ஒவ்வொரு முப்பத்தோராம் திகதியும் மத்தியானம் எங்கள் வீட்டுக்கு வருவார். அக்காவும் தங்கையும் மேசையில் எதிரெதிரே இருந்து தேநீர் குடிப்பார்கள். அன்றைக்கு எங்கள் வீட்டில் அப்பளம்கூடப் பொரிவதில்லை. யாரும் அப்படி ஒரு சட்டம் போடவில்லை.

பல்கலைக்கழகத்தில் எனக்கு முதல் வருடம். விடுமுறையில் ஒருநாள் வீட்டுக்குத் திரும்பும் வழியில் ஆற்றங்கரை நத்தார்ச் சந்தைக்குள் நடந்தபோது ஏலக்காய் இல்லாத அந்த மணம் வந்தது. ஒரு வண்டிக்கடை. வெள்ளைச் சீனி தூவிய உருண்டைகள். விற்றவன் அந்தப் பெயரைச் சொன்னான். என் கை எப்படிப் பையை வாங்கியது என்று எனக்குத் தெரியாது. முப்பத்தோராம் திகதி. வீட்டுக்கு வந்து, இருவரும் தேநீர் குடித்துக்கொண்டிருந்த மேசையில் அதை வைத்துவிட்டு, கடதாசிப் பையில் எண்ணெய் ஊறுவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அம்மா எழுந்து கழுவுகிற தொட்டிப் பக்கம் போய்விட்டார். சித்தி ஒன்றை எடுத்து மணந்தார். கடித்தார்.

“ஏலக்காய் இல்லை” என்றார்.

அப்போதுதான் எல்லாம் வெளியே வந்தது. நான்தான் சித்தப்பாவைக் கொன்றேன், நான் அப்படிச் சொல்லாமல் இருந்திருந்தால் அவர் வந்திருப்பார் என்று, பத்தொன்பது வயதுப் பெண் எட்டு வயதுக் குரலில் சொல்லி அழுதேன்.

சித்தி முதலில் விளங்காமல் பார்த்தார். விளங்கியதும் என்னை இழுத்துத் தன் மடியோடு சாய்த்துக்கொண்டார். “விசரி” என்றார். “பதினொரு வருசமா உதைச் சுமந்துகொண்டு திரிஞ்சனியோ? நீ வாய் திறக்கமுந்தியே ரெலிபோன் வந்திட்டுது. அவற்றை சிநேகிதன் எடுத்தவர். நான் முதலாவதை எண்ணெயிலை போடமுந்தி.”

போடுவதற்கு முந்தி. நான் தலையைத் தூக்கினேன். பதினொரு வருடமாக நான் அடுக்கி வைத்திருந்த வரிசை கலைந்து வேறு மாதிரி அடுக்கிக்கொண்டது. டபிள் கிளேசிங்காரன். பிறகு முதலாவது உருண்டை. பிறகு பச்சைத் திரையா மஞ்சள் திரையா என்ற கேள்வி. பொட்டைச் சுற்றித் துடைத்த ஸ்வெட்டர் கை. என் கன்னத்தில் விழுந்த அறை எல்லாவற்றுக்கும் கடைசி.

“தெரிஞ்சுகொண்டுதான் உன்ரை அம்மா வாயைத் திறந்தவ” என்றார் சித்தி. “நான் தீத்தினன். ஏனெண்டு நான் ஒருநாளும் கேக்கேல்லை.”

தொட்டியில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. அம்மா திரும்பிப் பார்க்கவில்லை.

“சிரிச்சுக்கொண்டு நிண்டாய்” என்றார். “இன்னும் கொஞ்ச நேரம் அப்பிடியே நிக்கட்டும் எண்டு பாத்தன்.”

அவ்வளவுதான் சொன்னார். அப்பா வரும்வரைக்கும், கணவன் வருகிறான் என்று தங்கை நம்பிக்கொண்டு நிற்கக்கூடிய அந்தக் கொஞ்ச நேரத்தை, எந்த வழக்கத்தையும் மீறியறியாத அம்மா செத்த வீட்டில் எண்ணெய் கொதிக்கவிட்டு வாங்கிக் கொடுத்திருக்கிறார். அப்பா வந்துசேர இன்னும் கால் மணி நேரம் இருந்தது. அந்தக் கால் மணி நேரத்தைப் பறித்தது நான். கொலைப்பழி போய்விட்டது. இது போகவில்லை, இனிப் போகவும் போகாது.

ஆனால் அன்றைக்கு முக்காலியில் நின்ற எனக்கு இதெல்லாம் என்ன தெரியும்? சித்தி முதலாவதைப் பிய்த்து, ஊதி, ஒரு பாதியை அம்மாவுக்குத் தீத்திவிட்டு மற்றதை எனக்குத் தந்தார். அம்மா மென்றுகொண்டே கண்ணீர் விட்டு, சூடு என்றார். நான் பயந்து பயந்து என் பாதியை நாக்கின் நுனியில் வைத்துப் பார்த்தேன். அது சூடாகவே இருக்கவில்லை. சித்தி நன்றாக ஊதி ஆற்றித்தான் தந்திருந்தார். அம்மாவுக்குக் கிடைத்ததுதான் சூடான பாதி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, அடுத்தது எப்போது வேகும் என்று தாச்சியை எட்டிப் பார்த்தேன்.